ஐயா சுட்ட பிரவுனி

வேதப் புத்தகத்தைக் கொஞ்ச நேரம் மூடி வைங்க. என் மானம் போன கதை ஒண்ணு சொல்றேன். கதை சின்னதுதான்... மானம்தான் கொஞ்சம் பெருசாவே போச்சு.

என் தங்கச்சி கிருபையை உங்கள்ல பல பேருக்குத் தெரியும். அவ வீட்டுக்காரர் ராஜமணி போன மழைக்காலத்துல திடீர்னு தவறிட்டாரு. அன்னையிலேருந்து அவ சரியா சாப்பிடல. அழவும் இல்ல. சேர்ல உக்காந்து வாசலையே பாத்துக்கிட்டு இருப்பா.

நான் யாரு? வெறும் அண்ணனா? போதகர்! துக்க வீட்டுல ஆறுதல் சொல்றதுதான் என் வேலையே. விடுவேனா? வாரா வாரம் போவேன். "கிருபை, முதலாவதாக..." அவ தலையாட்டுவா. "இரண்டாவதாக..." அதுக்கும் தலையாட்டுவா. முடிச்சதும், "சரிண்ணே" அப்படிம்பா. திரும்பி வர்ற வழியில நான் என்ன நினைப்பேன் தெரியுமா? 'இன்னைக்கு நல்லாப் பேசிட்டோம்'! எப்படி இருக்கு?

ஒருநாள் மஸ்கட்லேருந்து அவ மகன் ஜெபராஜ் போன் பண்ணான். "மாமா, அம்மா ரொம்ப இளைச்சுட்டாங்க. வீடியோவுல பாக்கவே பயமா இருக்கு. பேசுனது போதும் மாமா... எதையாவது சாப்பிட வைங்க."

பேசுனது போதும்! எவ்வளவு மரியாதையா சொல்றான் பாருங்க.

கிருபைக்கு சாக்லேட்னா உசுரு. சரி, நாமே பிரவுனி, அதான் அந்த சாக்லேட் கேக்கு, செஞ்சு கொண்டுபோவோம்னு கிளம்பிட்டேன். எங்க வீட்டுக்காரம்மா எப்சிபா, பெண்கள் ஐக்கிய சங்கக் கூட்டத்துக்குப் போயிருந்தா. அடுப்படி முழுக்க என் ராஜ்யம். போன்ல சமையல் வீடியோ ஒண்ணைப் போட்டா, அதுல ஒரு பிள்ளை சொல்லுது, "ரொம்ப சுலபம்!" வெண்ணெயையும் சாக்லேட்டையும் உருக்கணும். சர்க்கரை, முட்டை, மைதா போட்டுக் கலக்கணும். தட்டுல ஊத்தி அவன்ல வைக்கணும். அவன்னா ஆள் இல்ல, மின்சார அடுப்பு. அவ்வளவுதான்! வெண்ணெயை அது சொன்னதுக்கு மேலயே அள்ளிப் போட்டேன். தங்கச்சிக்குத்தானே!

வெந்து வந்துச்சு பாருங்க... வாசம்னா வாசம், தெருவே மணக்குது. துண்டு துண்டா வெட்டினேன். கறுப்பா, பளபளன்னு. என் கண்ணே பட்டுடும் போல.

கிருபை வீட்டுக்குப் போற வழியில நம்ம சபைச் செயலாளர் தவமணி அண்ணாச்சி வீடு. ஒரு துண்டு குடுத்தேன். வாயில போட்டாரு. மென்னாரு... மென்னாரு... மென்னுக்கிட்டே இருந்தாரு. அப்புறம் கண்ணை மூடி முழுங்கிட்டு, "ஐயா... பிரமாதம்!" பக்கத்து வீட்டு டீச்சரம்மா? "ஐயா, கடையில வாங்குனதா?" போதாதா? எனக்குத் தலைகால் புரியல. சபையை விட்டுட்டு பேக்கரி வச்சிருவோமான்னே யோசிச்சேன்.

கிருபை வீட்டுக்குப் போனேன். "நானே சுட்டதும்மா, சாப்பிடு." எனக்காக ஒரு துண்டு எடுத்தா. கடிச்சா. மென்னா. அப்புறம்... வாயிலேருந்து எதையோ மெதுவா இழுத்தா. உள்ளங்கையில விரிச்சு வச்சுப் பாத்தா.

"அண்ணே... இதுல ஏதோ எழுதியிருக்கு."

"எழுதியிருக்கா?"

அவ எழுத்துக் கூட்டி வாசிக்கிறா... "இரண்டாவதாக... அன்பானவர்களே..."

தட்டுல ஒட்டாம இருக்க அடியில தாள் போடணும்னு அந்த வீடியோவுல சொன்னாங்க. அதுக்குன்னு ஒரு தாள் இருக்காமே? எனக்கு எங்க தெரியும்! மேசை மேல கிடந்த தாள் ஒண்ணுல வெண்ணெயைத் தடவிப் போட்டுட்டேன். அது என் பழைய பிரசங்கம்! அடியோட ஒட்டிக்கிச்சு. அண்ணாச்சி முழுங்குனது பிரவுனி இல்ல... என் பிரசங்கத்தோட முன்னுரை. அதோ, மூணாவது வரிசையில தலையைக் குனிஞ்சுக்கிட்டு இருக்காரு பாருங்க!

கிருபை என்னைப் பாத்தா. தாளைப் பாத்தா. "ஏண்ணே... இத்தனை நாளா காதுல ஊத்துன. இப்ப வாயிலயும் போட ஆரம்பிச்சிட்டியா?"

சிரிச்சா. வயித்தைப் புடிச்சுக்கிட்டு சிரிச்சா. சேர் கிடந்து ஆடுது. சிரிச்சுக்கிட்டே, "அவரு இருந்தா இன்னைக்கு உன்னை விட்டிருப்பாராண்ணே? ஊரு பூரா சொல்லியிருப்பாரே..." அப்படின்னா. அவ்வளவுதான். சிரிப்பு அழுகையா மாறிடுச்சு. அவர் போன பிறகு அன்னைக்குத்தான் முதல்தடவையா வாய்விட்டு அழுதா.

நான் என்ன சொன்னேன்னு கேக்குறீங்களா? எனக்கும் அழுகை வந்துருச்சு. பக்கத்துல உக்காந்து அடியில ஒட்டின தாளை உரிச்சு உரிச்சுக் குடுத்தேன். அவ ஒவ்வொண்ணா வாங்கிச் சாப்பிட்டா. "நல்லாத்தாண்ணே இருக்கு" அப்படின்னா. அப்புறம் முந்தானையில முகத்தைத் துடைச்சுக்கிட்டு எந்திரிச்சா. "நீ சாப்பிட்டியாண்ணே?"ன்னு கேட்டா. அடுப்புல உலை வச்சா. ரெண்டு பேரும் ரசம் ஊத்திச் சாப்பிட்டோம்.

அன்பானவங்களே... ஏன் இதைச் சொல்றேன்? துக்கத்துல இருக்கிறவங்க வீட்டுக்குப் போக நாம தயங்குறோம். 'என்ன பேசறது? எதைக் கொண்டுபோறது? ஒழுங்கா ஒண்ணு செய்யத் தெரியாதே'ன்னு நாளைத் தள்ளிப் போடுறோம். ஒழுங்கா செய்யத் தெரிஞ்சவன் லட்சணத்தைத்தான் இப்பக் கேட்டீங்களே! வெந்ததோ வேகாததோ, எடுத்துக்கிட்டுப் போங்க. உங்களைப் பாத்து அவங்க சிரிச்சா சிரிக்கட்டும். அழுதா அழட்டும். நீங்க கூட இருங்க.

இதைக் கேட்கும்போதே உங்க மனசுல ஒரு பேர் வந்துச்சா...? ரொம்ப நாளாப் போகாத ஒரு வீடு...?

ஆராதனை முடிஞ்சதும் நேரா அங்க போங்க. இன்னைக்கு உங்க மதியச் சாப்பாடு அந்த வீட்டுலதான்.