இனாமுக்கு ஏது லீவு?

கும்பகோணம் பஸ்ஸில் எனக்கு முன்னால் இருந்தவர், "கேஸுல எங்க மொதலாளி தோத்துட்டாருங்க" என்று சிரித்தார்.

பக்கத்திலிருந்தவர் திகைத்தார். "ரைஸ் மில்லு கணக்குப்பிள்ளை நீங்க, இதுக்குச் சிரிக்கிறீங்களே?"

"போன தீபாவளி வரைக்கும் குடுத்தது போனஸே இல்ல, இனாம்தான், இந்தத் தடவ தர முடியாதுன்னு லேபர் கோர்ட்டுல சாதிச்சாருங்க. யூனியன் செயலாளர் செல்வி எந்திரிச்சாங்க. 'இனாம்னா, லீவு போட்ட நாளுக்கு ஏன் அதுல புடிச்சீங்க?'ன்னு கேட்டாங்க. என்னா கேள்விங்க! மொதலாளி எங்க வக்கீலப் பாக்குறாரு, வக்கீலு ஃபேனப் பாக்குறாரு."

"அப்படிப் புடிச்சது யாரு?"

"நாந்தாங்க. என் லீவுக்கும் சேத்துத்தான் புடிச்சேன். செல்வி புண்ணியத்துல இப்ப எனக்கும் போனஸுங்க!"