கரகரப்புக் கச்சேரி

இதெல்லாம் சங்கீதம்னா, இந்த ரிப்பேர் கடையில நாள் முழுக்க சங்கீதம்தான் சார். அதோ அந்த மிக்ஸி உறுமுது பாருங்க, அதையும் மேடையேத்திடலாம். உக்காருங்க, உங்க அயர்ன்பாக்ஸுக்கு ஒயர்தான் போயிருக்கு, பத்து நிமிஷம்.

யாரைத் திட்டுறேன்னு பாக்குறீங்களா? என் பொண்ணைத்தான். அஞ்சு வருஷம் பியானோ கத்துக்கிட்டவ. இப்ப அது மேல துணி மடிச்சு வெச்சிருக்கா. கேட்டா புது முயற்சிங்கறா. என்ன பெரிய முயற்சி... ஒரு பழைய டேப் ரெக்கார்டர். பெல்ட் தொளதொளன்னு கிடக்கும், உள்ள ஒரு ஒயர் விட்டுப்போய் உய்ங்... கர்ர்ருனு இழுக்கும். அதை லேப்டாப்ல மாட்டுவா. கம்ப்யூட்டர் அந்த இரைச்சலைக் கேட்டுட்டு, பதிலுக்கு அதுவா ஒரு இரைச்சல் போடுமாம். இது கத்த, அது கத்த... அதுக்கு எங்க வீட்டுச் சண்டையே தேவலாம். கேக்க வர்ற கூட்டம் வேற, என்னமோ புரிஞ்ச மாதிரி கண்ணை மூடிக்கிட்டுத் தலையாட்டும். போன தடவை என் பக்கத்துல ஒருத்தர் அழுதாரு சார். பல்வலியோ என்னமோ.

நாளைக்குப் பெரிய அரங்கத்துல இவ மட்டும் தனியா. மூணு மாசமா கம்ப்யூட்டருக்கு அந்த டேப் சத்தத்தைப் பழக்கியிருக்கா. அந்தச் சத்தம் வரலைன்னா அது வாயே திறக்காதாம். நேத்துலேர்ந்து திறக்கல. அவளும் என்கிட்ட வாயைத் திறக்கல.

ஏன்னா... ம். முந்தாநாள் அவ வெளிய போயிருந்தா. ஓட்டை டேப்போட மேடையில போய் நின்னா யாரைச் சொல்லுவாங்க, ரிப்பேர்காரன் பொண்ணுன்னு என்னைத்தானே? பெல்ட்டை மாத்தினேன். ஹெட்டைத் துடைச்சேன். விட்டுப்போன ஒயரை ஈயம் வெச்சுப் பத்தவெச்சேன். ஒரு பொட்டுச் சத்தம் இல்ல சார், பூ மாதிரி ஓடுச்சு. போட்டுப் பாத்தவ அப்படியே உக்காந்துட்டா. "உங்கள யாருப்பா கேட்டா?" அவ்வளவுதான் சொன்னா.

நேத்துலேர்ந்து திரும்பக் கெடுத்துப் பாக்குறேன். பழைய பெல்ட்டையே போட்டேன், பத்தவெச்சதைப் பிரிச்சேன். கரகரங்குது, ஆனா அவளோட கரகரப்பு வரல. முப்பது வருஷமா ரிப்பேர் பண்றேன், ஒரு பொருளை ஒழுங்கா கெடுக்கத் தெரியல எனக்கு.

அயர்ன்பாக்ஸ் ஆச்சு, எடுத்துக்கங்க. போறதுக்கு முன்னாடி இந்த டேப்பைக் கொஞ்சம் கேளுங்க சார். இந்த இடத்துல உய்ங்னு மேல போய், ஒரு மூச்சு நின்னு, அப்புறம்தான் கர்ர்னு இறங்கணும். எனக்கு முழுசும் மனப்பாடம்.