விலாசம் கேட்டு வந்தவர்

உங்கள் அம்மாவுக்கு ஜிப் மாற்றுகிற வேலை என்றாலே எரிச்சல். பேன்ட்டைக் கையில் வாங்கியதுமே, "ஜிப்பு பிச்சுக்கிற அளவுக்கு அப்படி என்னத்தத் தின்பாங்களோ" என்று முணுமுணுப்பார். அந்த முணுமுணுப்புக்காகவே அவருடைய தையல் கடையை என் ஆவணப்படத்தில் சேர்த்தேன்.

எங்கள் முறை எளிமையானது. கேமராவோடு ஓரமாக நின்று, தெருவின் அன்றாடத்தை நடக்கிறபடியே எடுக்க வேண்டும். கேள்வி கேட்கக் கூடாது, பதிலும் சொல்லக் கூடாது. முதல் நாளே, "நான் இங்க இல்லன்னே நெனச்சுக்கங்கம்மா" என்றேன். அவர் கேட்டால்தானே. "சாப்பிட்டியாப்பா?" என்பார். நான் பேசாமல் நிற்பேன். "பேசினா முத்து உதிர்ந்துடுமோ" என்று கேலி செய்துவிட்டு எனக்கும் சேர்த்தே டீ வாங்கி வைப்பார். சாப்பிட்டாயா என்று என்னைக் கேட்க வேறு யாரும் இல்லை. அறைக்குப் போனால் சுவரோடுதான் பேச வேண்டும்.

கடைக் கதவு திறக்கும்போதெல்லாம் தலையைத் தூக்கிப் பார்ப்பார், சண்டை போட்டுக்கொண்டு போன மகள் நீங்கள்தானோ என்று. வேறு யாரோ என்று தெரிந்ததும் ஊசியில் நூல் கோக்கப் போவார். அதில் ஏற்கெனவே நூல் இருக்கும். என் படத்தின் உயிரே அந்த இடம்தான்.

நீங்கள் வந்த மதியம் நான் கடைக்கு வெளியே நின்றிருந்தேன். அவர் கழுத்தோரம் குத்தியிருந்த சின்ன மைக் வழியாக, அவர் தையல் மிஷினைத் திட்டுவது என் ஹெட்போனில் கேட்டுக்கொண்டிருந்தது. உங்களைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது, அதே மூக்கு. "அம்மா இருக்காங்களா?" என்றீர்கள்.

"இருக்காங்க. நீங்க வந்தா உள்ள விட வேணாம்னு சொல்லியிருக்காங்க."

ஏன் என்று கேட்பீர்கள் என நினைத்தேன். கேட்கவில்லை. முகத்தைத் துடைத்துக்கொண்டு திரும்பி நடந்தீர்கள்.

"யாருப்பா வாசல்ல?" என்று ஹெட்போனில் அவர் குரல். உள்ளே போய், "விலாசம் கேட்டு வந்தவங்கம்மா" என்றேன். அவர் கேட்ட கேள்விக்கு நான் சொன்ன முதல் பதில் அது. எவ்வளவு சந்தோஷப்பட்டார் தெரியுமா. "அட, வாயத் தொறந்துட்டியே" என்று மிஷினை நிறுத்திவிட்டுச் சிரித்தார்.

அடுத்த மாதம் காய்ச்சலில் படுத்தார். மருந்து வாங்கியதும் கஞ்சி காய்ச்சியதும் நான்தான். "அவ வருவாளாப்பா?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார். நான் எங்கள் முறைப்படி பதில் சொல்லவில்லை. கேட்டபடியே போய்விட்டார்.

படத்துக்காகத்தான் உங்களைத் துரத்தினேன் என்று ஊரெல்லாம் சொல்கிறீர்களாம். அதை மட்டும் திருத்திக்கொள்ளுங்கள். நீங்கள் வருவதற்கு முன்பே படப்பிடிப்பு முடிந்துவிட்டது. எதுவும் பதிவாகாத கேமராவைத்தான் தினமும் தூக்கிக்கொண்டு போனேன். நீங்கள் அவரைக் கூட்டிக்கொண்டு போயிருந்தால், அப்புறம் எனக்கு யார் இருக்கிறார்கள்?

உங்கள் மேல் எனக்குக் கோபம் ஒன்றும் இல்லை. ஆனாலும் அவரைத் தனியாக விட்டுப் போனது நீங்கள். நான் ஒரு நாளும் விடவில்லை.