கூச்சத்தால் நிற்கும் கூரை

தலைமை தாங்கிக்கொண்டிருக்கும், தலைமையைத் தாங்குவதற்கு முன்பே என் தங்கையைத் தாங்குவதாகச் சொல்லி எங்கள் வீட்டுக்குள் நுழைந்த, மாண்புமிகு துணைவேந்தர் அவர்களே! முன்வரிசையில் முகம் சிவக்க அமர்ந்திருக்கும் அந்தத் தங்கையே! முட்டிவலியைப் பொருட்படுத்தாமல் சன்னல் ஏறிக் குதித்து வந்திருக்கும் பெரியோர்களே! கைப்பையை முதலில் வீசிவிட்டுப் பின்னாலேயே இறங்கிய தாய்மார்களே! ஏறத்தாழ நான்கு கால் கொண்ட நாற்காலிகளில் சாய்ந்தும் சரிந்தும் அமர்ந்திருக்கும் தோராயத் துறைத் தோழர்களே! உங்கள் அனைவருக்கும் தலைதாழ்ந்த வணக்கம். தலை தாழ்வது பணிவினால் மட்டுமன்று. மேலிருந்து சுண்ணாம்பு உதிர்கிறது.

இந்த மண்டபத் திறப்புவிழாவில் எனக்கு நன்றியுரை தந்திருக்கிறார்கள். நன்றி சொல், கேள்வி கேட்காதே என்பது கட்டளை. யார் என்று கேட்கலாமாம். எங்கே என்று கேட்கலாமாம். சாப்பாடு எப்போது என்றுகூடக் கேட்கலாமாம். காரணம் மட்டும் கேட்கக் கூடாதாம்! காரணம் கேட்கும் அந்த இரண்டெழுத்துச் சொல் இங்கே ஒலிக்கவே கூடாதாம்! அப்படிக் கேட்கக் கூடாததற்கு என்னதான் காரணம்? பார்த்தீர்களா, சுண்ணாம்பு! “அண்ணே, வாய வச்சுக்கிட்டு சும்மா இருன்னு வீட்டுலயே சொன்னேன்ல!” என்கிறாள் தங்கை. சும்மாதான் இருக்கிறேன் அம்மா, தும்மினேன் என்று வைத்துக்கொள்.

புதிதாக வந்தவர்களுக்காகச் சொல்கிறேன். மற்றப் பல்கலைக்கழகங்களில் கணக்குப் போட்டால் மதிப்பெண் வரும்; இங்கே கணக்குப் போட்டால் கட்டடம் வரும். கரும்பலகையிலோ வாய்மொழியாகவோ ஒன்றை நிரூபித்தால் அது கண்ணெதிரே முளைக்கும். நிரூபணத்தில் ஓட்டை இருந்தால், யாராவது காரணம் கேட்டதும் முளைத்தது முறிந்து விழும். இந்த மண்டபத்தைச் செங்கல் வைத்து யாரும் கட்டவில்லை. என் மாப்பிள்ளை, மன்னிக்கவும், துணைவேந்தர், ஒரே மூச்சில் நிரூபித்தார். வாசல் ஒன்று உண்டு என்று நிரூபித்தார். அது எங்கே உண்டு என்று நிரூபிக்க மறந்தார்! வாசல் இருக்கிறது ஐயா, சத்தியமாக இருக்கிறது. இடம்தான் தெரியவில்லை. அதனால்தான் உங்களுக்குச் சன்னல்.

வாசலாவது போகட்டும். முதல் தூணை நிரூபித்தார், முளைத்தது. இரண்டாம் தூணை நிரூபித்தார், முளைத்தது. மூன்றாவதும் முளைத்தது. நான்காவதற்கு வரும்போது அவருக்குப் பசி. ‘நான்காவதும் அவ்வாறே என்பது வெளிப்படை’ என்று எழுதி, சுண்ணக்கட்டியை வீசிவிட்டுச் சாப்பிடப் போய்விட்டார்! மேடையின் இடது மூலையைப் பாருங்கள். தூண் தெரிகிறதா? இருந்தால்தானே தெரியும்! இடம் காலியாக இருக்கிறதே என்று அங்கே தலைவரின் நாற்காலியைப் போட்டிருக்கிறார்கள். அந்த மூலையில் கூரை எதன்மேல் நிற்கிறது? கூச்சத்தின்மேல் நிற்கிறது! இத்தனை பெரிய மனிதர்கள் முன்னால் விழுந்தால் நன்றாக இருக்காதே என்ற மரியாதையின்மேல் நிற்கிறது!

வெளிப்படையானதை நிரூபிக்க இங்கே ஒரு துறை இருந்தது. அதன் தலைவனும் நானே, பேராசிரியனும் நானே, தேநீர் போடுபவனும் நானே. மேசைமேல் வைத்த குவளை மேசைமேலேயே இருக்கிறதே, யார் போட்ட கணக்கு? நேற்றுப் போட்ட செருப்பு இன்றும் காலுக்குப் பொருந்துகிறதே, யார் பட்ட பாடு? ஒரு நாள் மாப்பிள்ளை என் அறைக்கு வந்தார்.

“மச்சான், உங்க துறையில என்னதான் பண்றீங்க?”

“எல்லாருக்கும் தெரிஞ்சத நிரூபிக்கிறோம் மாப்பிள்ளை.”

“அதான் எல்லாருக்கும் தெரியுமே! அதுக்குப் போயி ரெண்டு ரூமு, ஒரு பீரோவா?”

மறுவாரமே துறையை மூடினார். இன்று என் நாற்காலி இருந்த இடத்தில் பதிவாளரின் மிதிவண்டி நிற்கிறது. காற்றுப் போன மிதிவண்டி! காற்றில்லாத வண்டிக்கு இடம் உண்டு. கருத்துள்ள மனிதனுக்கு இடம் இல்லையா?

என்ன, தலைவர் எழுகிறார்? ஒலிபெருக்கி வேண்டுமா? தாராளமாகப் பேசுங்கள் மாப்பிள்ளை.

கேட்டீர்களா பெரியோர்களே! “ஏன் மச்சான் சபையில வச்சு இப்படி மானத்த வாங்குறீங்க?” என்றார். ஏன் என்றார்! அவர் வாயாலேயே ஏன் என்றார்! ஒலிபெருக்கியில், ஊர் கேட்க, ஏன் என்றார்! நுணலும் தன் வாயால் கெடும் என்பது சும்மாவா? இது குடும்பச் சண்டை, நம்மைக் கேட்கவில்லை என்று கூரைக்குத் தெரியுமா? அதோ விரிகிறது, விரல் நுழையும் விரிசல் விரிகிறது!

சன்னலுக்கு ஓடாதீர்கள் தாய்மார்களே, ஒரு சன்னலில் ஒரு சபை நுழையாது. “அண்ணே, உன் கோவத்த வீட்டுல வந்து காட்டு! இப்ப ஏதாச்சும் பண்ணுண்ணே!” என்று கதறுகிறாள் தங்கை. நான் வாயை மூடிக்கொண்டால் போதும், என் வஞ்சம் தீர்ந்துவிடும். ஆனால் பகையாளி தலையில் விழுகிற கூரை, பாவம் இவன் பாதிக்கப்பட்டவன் என்று என் தலையை விட்டு விலகுமா?

ஆகவே சொல்கிறேன், கேளுங்கள். மேலே பாரம் இருக்கிறது. பாரம் இன்னும் விழவில்லை; இதை நான் வேகமாகச் சொல்லியாக வேண்டும். விழாத பாரத்தைத் தாங்குவது ஒன்று இருந்தே தீரும். தாங்குவது, பாரத்துக்கு நேர் கீழேதான் இருக்க முடியும். ஆகவே, தூண்!

ஆகா! முளைத்தது! எழுந்தது! துணைவேந்தரை நாற்காலியோடு ஏந்திக்கொண்டு எழுந்தது! பாரத்துக்குக் கீழே வர வேண்டிய தூண், பதவியைப் பார்த்துப் பக்கவாட்டில் முளைக்குமா? உச்சியில் கூரைக்கும் தூணுக்கும் நடுவே குனிந்து உட்கார்ந்திருக்கிறாரே, இவரை இவ்வளவு உயரத்தில் வைத்துப் பார்ப்பேன் என்று நான் நினைத்ததே இல்லை.

“மச்சான், கீழ இறக்குங்க மச்சான்!”

“மேல போனவரு கீழ வருவாருன்னு எல்லாருக்கும் தெரியுமே மாப்பிள்ளை!”

“தெரியுது, ஆனா வர முடியலையே! துறைய தொறந்தாச்சு மச்சான்! ரெண்டு ரூமு! பீரோ! மிதிவண்டிய இன்னைக்கே எடுக்கச் சொல்றேன்!”

சபையே சாட்சி. பதிவாளரே சாட்சி, முகத்தைத் திருப்பாதீர்கள் ஐயா.

இப்போது கேளுங்கள் அன்பர்களே! ஏன் என்று கேளுங்கள்! எட்டுத் திக்கும் எதிரொலிக்கக் கேளுங்கள்! ஒரு துளி சுண்ணாம்பு உதிர்கிறதா? உதிராது! காரணம் உள்ள கூரை கேள்விக்கு அஞ்சாது. கேள்விக்கு அஞ்சும் கூரையின்கீழ், அது தங்கக் கூரையே ஆனாலும், தலையைக் கொடுக்காதீர்கள்!

பொறுமையாகக் கேட்ட பெரியோர்களுக்கும், கைப்பைகளைக் கெட்டியாகப் பிடித்திருக்கும் தாய்மார்களுக்கும், வந்த சன்னல் வழியே பத்திரமாக இறங்கப்போகும் அனைவருக்கும் நன்றி. துணைவேந்தரை இறக்கும் நிரூபணம் நாளை காலை என் அறையில் தொடங்கும். சற்று நீளும். எந்த வரியையும் வெளிப்படை என்று எழுதிவிட்டுச் சாப்பிடப் போகும் ஆள் நான் அல்லன்.

வணக்கம்.