தன் தோட்டத்தில் மிளகு பறித்தவர்

எனக்கு எழுபத்தெட்டு வயது. ஏழு பிள்ளைகளை வளர்த்தவள். அடுத்தவர் பேச்சுக்குக் காது கொடுக்கிற பழக்கம் எனக்கில்லை. ஆனால் யட்டவத்தயிலிருந்து மாத்தளைக்கு வந்த பஸ்ஸில், முன் சீட்டில் இருந்த பெண் சொன்னதைக் கேட்டதும் காது தானாக அந்தப் பக்கம் போய்விட்டது.

"சொந்தத் தோட்டத்துல மிளகு பறிச்சதுக்கு எங்கட வாப்பாவ கள்ளன்னு கோர்ட்டுல நிப்பாட்டினாங்க, நானா. மறந்துட்டீங்களா?"

பக்கத்தில் இருந்த அண்ணன்காரர் மடியிலிருந்த பையைத் தடவினார். "மறக்கல்ல தங்கச்சி. வெளையாட்டு மைதானம் போடுறோம்னு கவர்மெண்டு எடுத்த காணி. இண்டு வரைக்கும் ஒரு கல்லும் வைக்கல்ல. இப்பதான் திருப்பித் தாறோம்னு சொல்றாங்க."

"ஓ, குரங்குதான் வெளையாடுது. தாறவன் ஏன் காணி உறுதிப் பத்திரம் எங்கன்னு கேக்கிறான்? எடுத்த அண்டைக்கு அவங்கதானே வாங்கி வெச்சாங்க?"

"அது தொலைஞ்சு போச்சாம். 'முன்பு இவருக்குச் சொந்தமான காணி'ன்னு வாப்பாட பேரோட இருக்கிறது இந்த வழக்குத் தாள்ல மட்டும்தான். இதைக் காட்டினாத்தான் காணி வரும்."

"மௌத்தாகிற வரைக்கும் வாப்பா தலை நிமிர்ந்து கடைத்தெருவுக்குப் போகல்ல. அந்தத் தாளையா நீட்டப் போறீங்க?"

பஸ் டவுனுக்குள் நுழைந்தது. அவள் பையை வெடுக்கென்று இழுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள்.

"நான்தான் குடுப்பேன். குடுத்துட்டு, அந்தக் காணிக் கந்தோர் ஆபிசர் மாத்தயாவ எழும்பி நிண்டு சத்தமா வாசிக்கச் சொல்லுவேன். யார்ட காணியில யாரு கள்ளன்னு எல்லாரும் கேக்கட்டும்."

இருவரும் இறங்கினார்கள். அவள்தான் முன்னால் நடந்தாள்.

பேத்தி, நான் சொன்னதை எல்லாம் எழுதிவிட்டாயா? எங்கே, நீயும் சத்தமாக வாசி.