பக்கத்தில் ஒரு காலிக் கிண்ணம்

கெர்மிட்: அக்கா, என்ன முணுமுணுக்கிற? போன்ல ஒண்ணும் காதுல விழல.

வெர்னா: சத்தமா பேச முடியாதுடா. அது இங்க இருக்கு.

கெர்மிட்: எது?

வெர்னா: போன கோடையில இருந்து நான் எதைத் தேடி அலையுறேன்? அது. பல்கலைக்கழகத்துப் பழைய சாமான் விக்கிற கிடங்குல, பாப்கார்ன் மெஷினுக்கும் கால் உடைஞ்ச நாற்காலிக்கும் நடுவுல உட்கார்ந்திருக்கு.

கெர்மிட்: அந்த டிஃபரன்ஷியல்... ஸ்கேனிங்... கடைசியில ஒண்ணு வருமே...

வெர்னா: கலோரிமீட்டர். கத்தாதே. இங்க யாருக்கும் அது என்னன்னு தெரியல. 'சிறிய அடுப்பு, பழுது'ன்னு சீட்டு எழுதித் தொங்க விட்டிருக்காங்க.

கெர்மிட்: அடுப்புன்னா அடுப்புதானே. அதுக்கு ஏன் இப்படிக் குதிக்கிற?

வெர்னா: உனக்கு எத்தனை தடவைடா சொல்றது. உள்ள ரெண்டு குட்டிக் கிண்ணம் வைப்போம், சட்டைப் பொத்தான் மாதிரி. ஒண்ணுல துளி மெழுகு. இன்னொண்ணு காலி. ரெண்டையும் ஒரே மாதிரி சூடு பண்ணுவோம்.

கெர்மிட்: காலிக் கிண்ணத்தை எதுக்குச் சூடு பண்ணணும்? வேலை இல்லையா?

வெர்னா: சூட்சுமமே அதுலதான் இருக்கு. காலிக் கிண்ணத்துக்கு ஒண்ணும் ஆகாது, அது பாட்டுக்குச் சூடாகிட்டே போகும். மெழுகு இளகுறப்ப சூட்டைக் குடிக்கும், அதனால அந்தக் கிண்ணம் கொஞ்சம் பின்தங்கும். அந்த வித்தியாசத்தைத்தான் மெஷின் கோடா வரையும். டிஃபரன்ஷியல்னா அதான், வித்தியாசம். சுத்தமான தேன்மெழுகுக்குன்னு ஒரு கோடு உண்டு. மலிவான பாரஃபின் மெழுகு கலந்திருந்தா அதுக்கு முன்னாடியே ஒரு மேடு எழும்பிடும். அப்புறம் எவனும் மறைக்க முடியாது.

கெர்மிட்: அப்ப தேனீ அடை கட்டுறதுக்குன்னு ஸ்கோகன் நமக்கு வித்த மெழுகுத் தகடு...

வெர்னா: கலப்படமா இல்லையான்னு தெரிஞ்சிடும். ஷெட்டு நிறைய அடுக்கி வெச்சிருக்கோம். கலிபோர்னியா பாதாம் தோப்புக்கு மகரந்தம் சேர்க்க அனுப்பின நம்ம தேனீப் பெட்டிங்க, பூத்து முடிஞ்சு லாரியில திரும்பி வர்றதுக்குள்ள தெரியணும். போன வருஷம் அடையெல்லாம் சரிஞ்சு, தேனீப் புழு மொத்தமும் செத்துக் கிடந்ததைப் பார்த்தோமே, இன்னொரு தடவை என்னால பார்க்க முடியாது.

கெர்மிட்: தெரியாமலா ரோட்டோரத்துல அவ்வளவு பெரிய பலகை வெச்சே? 'ஸ்கோகன் மெழுகு, தேனீக்குச் சவப்பெட்டி'ன்னு?

வெர்னா: எனக்கு உள்ளுக்குள்ள தெரியும். இப்ப ஊருக்கும் நிரூபிக்கணும்.

கெர்மிட்: சரி, சீட்டைக் கிழிச்சுக்கிட்டு கவுன்ட்டருக்கு ஓடு.

வெர்னா: விற்பனை தொடங்குற மணி அடிக்காம சீட்டைத் தொட்டா வெளிய அனுப்பிடுவாங்க. மணி அடிச்சதும் யாரு கிழிக்கிறாங்களோ அவங்களுக்கு. ரெண்டு பேர் ஒரே சீட்டைப் பிடிச்சு இழுத்தா ரெண்டு பேருக்குமே கிடையாது, நேரா பழைய இரும்புக்குப் போயிடும்... இரு. ஒருத்தர் வர்றாரு.

கெர்மிட்: எங்க?

வெர்னா: இங்கதான். காது மூடுற தொப்பி, கையில காபி. போனைக் கோட்டுப் பையில போடறேன். மூச்சு விடாதே.

ஆர்லோ: நல்ல குளிரு இன்னிக்கு.

வெர்னா: ஆமாங்க. வண்டி கிளம்பவே மாட்டேன்னுடுச்சு.

ஆர்லோ: எதுக்காக நிக்கிறீங்க?

வெர்னா: இந்த பாப்கார்ன் மெஷினுக்கு. சர்ச்சுல பிள்ளைங்களுக்குப் படம் போடுவோம். நீங்க?

ஆர்லோ: இந்த நாற்காலிக்கு.

வெர்னா: அதுக்கு ஒரு கால் இல்லையே.

ஆர்லோ: ஏரியில பனியில துளை போட்டு மீன் பிடிப்பேன். அங்க உட்கார இது போதும்.

வெர்னா: உறைஞ்ச ஏரி சமமாத்தானே இருக்கும்?

ஆர்லோ: எங்க ஏரி கொஞ்சம் சாய்வு.

வெர்னா: ஓஹோ.

ஆர்லோ: நடுவுல இது என்னது?

வெர்னா: ஏதோ அடுப்பாம். ஒரு முட்டை கூட வேகாது போலிருக்கு.

ஆர்லோ: குப்பை. சும்மா கொடுத்தாலும் வேண்டாம்பேன்.

வெர்னா: எடுத்துட்டுப் போகச் சொல்லி கூலி கொடுத்தாலும் நான் மாட்டேன்.

ஆர்லோ: அப்புறம் ஏன் அது மேல கை வெச்சுட்டு நிக்கிறீங்க?

வெர்னா: முட்டி வலி. சாஞ்சுக்கிறேன். நீங்க ஏன் மூடியைத் திறக்கிறீங்க?

ஆர்லோ: காபியை வைக்க இடம் பார்க்கிறேன்.

வெர்னா: ஐயோ, அது மேல வைக்காதீங்க...

ஆர்லோ: ஏன்? குப்பைன்னோமே.

வெர்னா: குப்பைன்னாலும்... ஒரு மரியாதை வேணாமா.

கெர்மிட்: அக்கா, காத்துல நம்ம பலகை சாஞ்சு கிடக்காம். போய் நிமித்தி வைக்கட்டா?

ஆர்லோ: உங்க கோட்டுப் பை பேசுதுங்க.

வெர்னா: அது... என் தம்பி. பாப்கார்ன் கடைப் பலகையைச் சொல்றான்.

ஆர்லோ: சர்ச்சுன்னு சொன்னீங்க?

வெர்னா: சர்ச்சுக்குள்ளதான் கடை.

ஆர்லோ: பலகைக்குச் சிவப்பு பெயின்ட்டா? உங்க கை மடிப்புல ஒட்டியிருக்கு.

வெர்னா: ...ஆமா. சிவப்புதான் தூரத்துல இருந்து பளிச்சுன்னு தெரியும்.

ஆர்லோ: தெரியும், தெரியும். நல்லாவே தெரியும்.

வெர்னா: உங்க நாற்காலி அந்தப் பக்கம். நீங்க ஏன் குனிஞ்சு இதுக்குள்ளயே பார்க்கிறீங்க?

ஆர்லோ: சும்மாதான்... பரவாயில்லையே, உள்ள கறுத்துப்போகல. ரெஃபரன்ஸ் பக்கம் புத்தம் புதுசா இருக்கு.

வெர்னா: என்ன சொன்னீங்க?

ஆர்லோ: என்ன சொன்னேன்?

வெர்னா: ரெஃபரன்ஸ் பக்கம்னு சொன்னீங்க.

ஆர்லோ: இடது பக்கம்னு சொன்னேன்.

வெர்னா: எந்த ஊர் அடுப்புக்குங்க ரெஃபரன்ஸ் பக்கம் இருக்கு?

ஆர்லோ: நான் என்னத்தைக் கண்டேன்... அட, இங்க ஒரு தூசி. துடைச்சு விட்டுடறேன், விரலாலேயே...

வெர்னா: விரலை எடுங்க! விரல் பிசுக்கு பட்டா கோடு முழுக்கக் கோணிக்கும்!

ஆர்லோ: பாப்கார்ன் மெஷினுக்கு வந்தவங்களுக்குக் கோடு கோணுறது எப்படித் தெரியும்?

வெர்னா: சாய்வான ஏரியில மீன் பிடிக்கிறவருக்கு ரெஃபரன்ஸ் எப்படித் தெரியும்?

கெர்மிட்: அக்கா, மாட்டிக்கிட்டியா?

வெர்னா: நீ வாயை மூடு.

ஆர்லோ: விரலை நான் வெச்சிருக்க மாட்டேங்க. நீங்க கத்துறீங்களான்னு பார்த்தேன்.

வெர்னா: கெட்டிக்காரர்தான்.

ஆர்லோ: சர்க்கரை ஆலையில லேப் வேலை பார்த்தேன், வருஷக்கணக்கா. இதே மாதிரி ஒண்ணு அங்க இருந்துச்சு. காலிக் கிண்ணத்தை வைக்கிற பக்கம்தான் ரெஃபரன்ஸ் பக்கம். புதுசா வர்றவங்க முதல்ல அதைத்தான் மறப்பாங்க. எதுவும் நடக்காத கிண்ணம்தானேன்னு விட்டுடுவாங்க.

வெர்னா: அது இல்லைன்னா எதோட ஒப்பிட்டுப் பார்க்கிறது? நானும் பெயின்ட் கம்பெனி லேப்லதான் இருந்தேன். அங்க ஒருத்தன் ரெண்டு பக்கமும் சாம்பிளையே வெச்சுட்டு, கோடே எழும்பலைன்னு மெஷினை அடிச்சான்.

ஆர்லோ: அடிச்சானா?

வெர்னா: ஆளுக்கு அந்த வாரமே வேலை போச்சு. சரி, விஷயத்துக்கு வாங்க. நான்தான் முதல்ல வந்தேன்.

ஆர்லோ: முதல்ல வந்ததுக்கு இங்க மதிப்பில்லை. முதல்ல கிழிக்கிறதுக்குத்தான்.

வெர்னா: நான் கிழிப்பேன்.

ஆர்லோ: நானும் கிழிப்பேன். ரெண்டு பேரும் பிடிச்சா என்ன ஆகும்னு தெரியும்ல?

வெர்னா: பழைய இரும்பு.

ஆர்லோ: அங்க பாருங்க, கவுன்ட்டர்ல அந்தம்மா மணியைத் தேடுறாங்க.

வெர்னா: இதை விட்டா இனிமே எங்க போய்த் தேடுறது... சரி, உங்களுக்கு எதுக்கு இது?

ஆர்லோ: மெழுகு.

வெர்னா: என்னது?

ஆர்லோ: தேன்மெழுகு. கலப்படமா இல்லையான்னு பார்க்கணும்.

வெர்னா: அடக் கடவுளே. நீங்களும் ஏமாந்தவரா?

ஆர்லோ: ஏமாந்தேனா இல்லையான்னுதான் தெரியணும். அது தெரியாம நான் சரியாத் தூங்கியே ரொம்ப நாளாச்சு.

வெர்னா: எனக்கும் அதேதாங்க. ஒருத்தன்கிட்ட மெழுகுத் தகடு வாங்கினேன். அடை சரிஞ்சு, புழுவெல்லாம் செத்து... பெட்டியைத் திறந்தா நாத்தம். அப்படியே தரையில உட்கார்ந்து அழுதேன். பேரைச் சொல்லக்கூட வாய் கூசுது.

ஆர்லோ: ஆளைப் பார்த்திருக்கீங்களா?

வெர்னா: எங்க பார்த்தேன். அவனோட மருமகன் வந்து பெட்டியை இறக்கிட்டுப் போவான். பெரிய மனுஷன் வெளியவே வர்றதில்லை போல.

ஆர்லோ: ஒருவேளை... அந்தாளே ஏமாந்திருக்கலாம்ல? எங்கேயோ கட்டியா வாங்கி உருக்கித் தகடாக்குறவன். கட்டியிலயே கலந்திருந்தா அவனுக்கு எப்படித் தெரியும்?

வெர்னா: அவனுக்கு மூக்கு இல்லையா? மோந்து பார்த்தா தெரியாதா?

ஆர்லோ: மோந்து பார்த்தா தெரியும்னா நீங்க ஏன் இங்க நிக்கிறீங்க?

வெர்னா: நல்லாத்தான் கேக்கறீங்க.

ஆர்லோ: போன வருஷம் வெயிலும் கொஞ்சமா அடிக்கலைங்க. நல்ல மெழுகே சரிஞ்சிருக்கும்.

வெர்னா: நீங்க யாரு பக்கம்?

ஆர்லோ: நானா? காலிக் கிண்ணத்துப் பக்கம்.

வெர்னா: பேச்சு மட்டும் நல்லா வருது. சரி, உங்ககிட்ட என்ன இருக்கு? மெஷினை மட்டும் தூக்கிட்டுப் போய் என்ன பண்ணுவீங்க? இதுக்கு கம்ப்யூட்டர் இல்லை, புரோகிராம் இல்லை.

ஆர்லோ: உங்ககிட்ட இருக்கா?

வெர்னா: கம்பெனியை மூடினப்ப பழைய கம்ப்யூட்டரை எனக்கே கொடுத்துட்டாங்க. புரோகிராம் அதுலயே இருக்கு.

ஆர்லோ: கிண்ணம் இருக்கா? மூடி போட்டு அழுத்துற அச்சு இருக்கா?

வெர்னா: ...அது இல்லை.

ஆர்லோ: என்கிட்ட இருக்கு. போன வாரம் இதே கிடங்குல 'நட்டு போல்ட்டு'ன்னு சீட்டு போட்ட டப்பாவுல கிடைச்சுது. கிண்ணம் மட்டுமே ஒரு டப்பா.

வெர்னா: அப்ப போன வாரத்துல இருந்தே நீங்க இதுக்காகத்தான் அலையுறீங்க.

ஆர்லோ: நாற்காலிக்காகவும்தான்.

கெர்மிட்: அக்கா, அவரோட கூட்டுச் சேர்ந்துடு. என்னால டென்ஷன் தாங்க முடியல.

ஆர்லோ: தம்பி நல்ல பையனா இருக்காரு.

வெர்னா: எங்க வீட்டுக் கொட்டகையில வைப்போம். அங்க கணப்பு இருக்கு, காபி இருக்கு.

ஆர்லோ: சம்மதம். முதல்ல எந்த மெழுகை வைக்கிறது?

வெர்னா: என் பெட்டியிலயே நான் வழிச்சு எடுத்த சுத்த மெழுகு. அதுதான் அளவுகோல். அப்புறம் அந்தாள் வித்த தகடு. அப்புறம் உங்களோடது.

ஆர்லோ: ஒரு கேள்வி. தகடு கலப்படம்னு கோடு காட்டினா என்ன பண்ணுவீங்க?

வெர்னா: ரோட்டோரத்துல ஒரு பலகை இருக்கு, பார்த்திருப்பீங்க. யாரோ வெச்சது. அதை விட டபுள் சைசுல இன்னொண்ணு வைக்கச் சொல்வேன்.

ஆர்லோ: சுத்தம்னு காட்டினா?

வெர்னா: அந்தப் பலகையைப் பிடுங்கி, நானே கோடாலியால பிளந்து கணப்புல போடுவேன். அதாவது... வெச்சவங்ககிட்ட கேட்டுட்டு.

ஆர்லோ: அவங்க ஒத்துக்குவாங்களா?

வெர்னா: ஒத்துக்குவாங்க. பிடிவாதக்காரிதான், ஆனா பொய் சொல்றவ இல்லை.

ஆர்லோ: பாப்கார்ன் விஷயத்தைத் தவிர.

வெர்னா: அது வேற. கோடு வரைஞ்சிட்டா அதுக்கு மேல பேச்சில்லை, உங்களுக்கும் எனக்கும். கை கொடுங்க.

ஆர்லோ: இந்தாங்க. என் மெழுகே கெட்டதுன்னு கோடு சொன்னாலும் நான் எழுந்து போக மாட்டேன்.

வெர்னா: உங்க கை ஏன் இப்படிச் சில்லுன்னு இருக்கு?

ஆர்லோ: குளிரு.

வெர்னா: மணி... மணி அடிச்சிட்டாங்க. கிழிங்க, கிழிங்க.

ஆர்லோ: நீங்க கிழிங்க. நான் கையைக் கட்டிக்கிறேன்.

வெர்னா: கிழிச்சிட்டேன். கெர்மிட், கிடைச்சிடுச்சுடா. ஓடி வாங்க, அந்தப் பக்கம் பிடிங்க, தலைகீழாக்கிடாதீங்க. பேனா... பேனா எங்க. சீட்டுல வாங்குறவங்க பேரு எழுதணும். வெர்னா டோலஃப்சன்... ரெண்டாவது பேரு உங்களோடது. இவ்வளவு பேசிட்டு இன்னும் பேரே கேக்கலை பாருங்க. என்ன எழுதட்டும்?

ஆர்லோ: உங்க பலகையில சிவப்பு பெயின்ட்டுல எழுதியிருக்கீங்களே, அதே பேருதாங்க. இந்தத் தடவை கொஞ்சம் சின்னதா எழுதுங்க.