மரியாதைக்கு வந்த வழக்கு

"இருபத்தஞ்சு வருசத்துக்கு முதல் நான் காட்டின மரியாதைக்கு இண்டைக்குக் கோட்டில மூண்டாவது தவணை," என்றார் முன்சீற்றில் இருந்த வாத்தியார். கிளிநொச்சியில் பஸ் ஏறி வவுனியாவுக்குப் போய்க்கொண்டிருந்தோம்.

"விளங்கேல்லை, மாஸ்டர்," என்றார் பக்கத்தில் இருந்தவர்.

"வழக்குப் போட்ட ரீச்சரும் நானும் ஒரே நாள்தான் பள்ளிக்கூடத்தில சேர்ந்தனாங்கள். வரவுப் புத்தகத்தில, 'நீங்கள் முதல் கையெழுத்துப் போடுங்கோ ரீச்சர்' எண்டு நான்தான் வழிவிட்டனான். இப்ப அந்தப் பக்கத்தைக் காட்டி, சேவை மூப்பு தனக்குத்தான், அதிபர் பதவியும் தனக்குத்தான் எண்டுறா."

"அதைக் கோட்டில சொல்லலாமே?"

"சொன்னனான். அவ கையெழுத்துப் போட்ட பேனையும் என்ர எண்டு சொல்ல வெளிக்கிட, லோயர் என்னைக் கும்பிட்டு இருத்திப்போட்டார்."

கோட்டடியில் பஸ் நின்றது. மாஸ்டர் எழும்பினார். பின்சீற்றிலிருந்து ஒரு பெண்மணி தடித்த வழக்குக் கோவையை அணைத்தபடி வந்தார். மாஸ்டர் சட்டென்று ஒதுங்கினார்.

"நீங்கள் முதல் இறங்குங்கோ, ரீச்சர்."

ரீச்சர் அசையவில்லை.

"வேண்டாம் மாஸ்டர், நீங்களே முதல் இறங்குங்கோ. இன்னொரு வழக்குக்கு அலைய என்னால ஏலாது."